ஆறாவது ஷரத்து

சந்தின் அகலம் மூன்றடி நாலங்குலம்.
கமிஷனர் அளந்தபோது மூன்றடி இரண்டு.
அந்த இரண்டு அங்குலத்துக்கு
நாங்கள் ஆட்சேபனை போட்டோம்,
ஆட்சேபனைக்கு அவர்கள் ஆட்சேபனை போட்டார்கள்.
ஒரு வருஷம் போனது.

குடியாத்தம் முன்சீப் கோர்ட்டில்
கன்னியப்பன் ஜெயித்தார்.
வேலூருக்கு மேல்முறையீட்டோடு நான் போனேன்.
கட்டு பெருக்கப் பெருக்க
வக்கீல் குமாஸ்தா அதைக் கைக்குழந்தைபோல
இடுப்பில் இடுக்கிக்கொண்டார்.
ஐந்தரை மணி பஸ், காட்பாடியில் இறங்கி இன்னொன்று,
சத்துவாச்சாரி மரத்தடியில் கட்டுச்சோறு.
"மேல்முறையீட்டாளர் தேசம்மாள்!" என்பான் டவாலி.
ஓடுவேன். தேதி சொல்வார்கள்.
வாய்தாவுக்கென்றே ஒரு புடவை வைத்திருந்தேன்.

இன்று சமரச மையத்தில் கரண்ட் இல்லை.
வட்ட மேசை. படிவம் நிரப்பிய அம்மாளுக்கு
ஒரு கட்டம் மிச்சமிருந்தது.
"சந்தை எதுக்குப் பயன்படுத்துவீங்க?"
சாக்கடை போக, என்றார் கன்னியப்பன்.
தறிக்குப் பாவு கொண்டுபோக, என்றேன்.
அவள் இரண்டையும்
ஒரே கட்டத்தில் எழுதினாள். இடம் போதியது.

மத்தியானத்துக்குள் ஐந்து ஷரத்து.
சந்து பொது.
சாக்கடை மூடி எதிர்தரப்பின் செலவு.
கம்பிக் கதவுக்குச் சாவி இரண்டு.
மேலே கூரை இழுக்கக் கூடாது.
அவரவர் வழக்குச் செலவு அவரவருக்கு.
"வேறே ஏதாவது உண்டா?"

எனக்கு இருந்தது.
கெங்கையம்மன் சிரசு முடிந்த மூன்றாம் நாள்
என் வீட்டுக்காரர் செத்தார்.
முன்பக்கம் தறிகள். நடுவில் பாடை திரும்பாது.
சந்தில் பூட்டு, பூட்டுக்கு இடைக்காலத் தடை.
பின்சுவர் ஏற்றி
தீப்பெட்டிக் கம்பெனிக் கொல்லை வழியாகச்
சாய்த்து எடுத்தார்கள்.
ஒரு கை வெளியே தொங்கியது.
மேல்முறையீட்டுக் காரணங்களில்
அது ஒன்பதாவது.

வக்கீலிடம் சொல்லாதது ஒன்று உண்டு.
பூட்டிய கதவுக்கு அந்தப் பக்கமிருந்து
பத்து நாள் தாளிக்கிற வாசனை வரவில்லை.
பங்காளித் தீட்டு.
கௌண்டன்யா மணலில் ஊற்றுத் தோண்டிக் குளித்துவிட்டு
கன்னியப்பன் திரும்பி வந்தபோது
தலை மொட்டையாக இருந்தது.
பார்த்தேன். எந்தச் சாட்சியத்திலும் அதைச் சொல்லவில்லை.
சொன்னால் என் கேஸ் இளகிவிடும்.

கன்னியப்பன் மேசைக் கண்ணாடியைப் பார்த்துச் சொன்னார்:
"ஆறாவதா ஒண்ணு போடுங்கோ.
ரெண்டு ஊட்ல யாருக்கு இன்னா ஆனாலும்
கேக்காமயே கதவு தெறந்திருக்கணும்."
அவர் வக்கீலே சொன்னார்,
இதையெல்லாம் எப்படி அமல்படுத்துவது என்று.
"போடுங்கோ."
"துக்கம் நேரிடுங்கால்" என்று தட்டினாள் டைப்பிஸ்ட்.
"ராத்திரியானாலும்" என்று சேர்க்கச் சொன்னேன்.
சேர்த்தாள்.

ஜட்ஜ் கேட்டார்:
மனமொப்பித்தான் கையெழுத்துப் போட்டீர்களா,
யாராவது வற்புறுத்தினார்களா?
இல்லைங்க ஐயா.
மன்னித்துவிட்டீர்களா என்று கேட்கவில்லை. நல்லது.
கட்டிய கோர்ட் பீஸ் திரும்ப வரும் என்றார்கள்.
மற்றது எதுவும் வராது, அது எனக்குத் தெரியும்.

ஒரே பஸ்ஸில்தான் திரும்பினோம்.
அவர் முன்னால், நான் பின்னால்.
டிக்கெட் தனித்தனி.

ராத்திரி எட்டு மணிக்குக் கதவைத் திறக்கப் போனால்
பூட்டில் துரு.
தேங்காயெண்ணெய்க்கும் மசியவில்லை.
அறுக்கும் கூலி யாருடையது என்று
ஆறு ஷரத்திலும் இல்லை.
அவர் பேரன் ரம்பத்தோடு குந்தினான்.
என்னிடம் டார்ச் இருந்தது.
"கொஞ்சம் கீழே காட்டும்மா" என்றார் கன்னியப்பன்.
பதினேழு வருஷத்தில்
குறுக்கே வக்கீல் இல்லாமல்
என்னிடம் அவர் சொன்ன முதல் வாக்கியம்.

காட்டினேன்.